பிடியுங்கோ, வருது

லிஃப்ட் கதவு திறக்கும். உள்ளே ஆள் இருக்காது. மூடி போட்ட சட்டி ஒன்று தரையில் தனியாக நிற்கும். கணவாய்க் கறியாக இருக்கும். வெள்ளிக்கிழமை என்றால் கத்தரிக்காய்க் குழம்பு. அதே நேரம் என் தொலைபேசி அடிக்கும்.

"இரத்தினக்கா, கறி வருது, பிடியுங்கோ!"

தில்லைநாயகி மூன்றாம் மாடி. நான் ஏழாம் மாடி. சட்டியை லிஃப்டுக்குள் வைத்து, ஏழாம் பொத்தானை அமுக்கிவிட்டு, அவள் தன் வேலையைப் பார்க்கப் போய்விடுவாள். ஒருநாள் ஐந்தாம் மாடியில் ஒரு சுவிஸ் கிழவி ஏறிவிட்டாள். கீழே போகவேண்டியவள் சட்டியோடு மேலே வந்து சேர்ந்தாள். கதவு திறந்தபோது ஒரு மூலையில் ஒதுங்கி நின்றபடி சட்டியைக் காட்டி, "இவர் உங்களிடமா வருகிறார்?" என்று மரியாதையாகக் கேட்டாள்.

"மேலை வந்து கையிலை தந்தால் கால் தேயுமோடி?" என்று தில்லையை ஏசினேன்.

"லிஃப்ட் சும்மாதானே நிக்குது அக்கா. சும்மா நிக்கிற ஆளிட்டைக் குடுக்கிறதுதானே விளையாட்டு" என்றாள்.

அவள் கையில் எதுவும் மூன்று விநாடிக்கு மேல் தங்காது. கடையில் வெங்காயம் எடுத்தால் அது உடனே என் பைக்குள் விழும். தேநீர்க் கோப்பையை நீட்டிவிட்டு, நாம் பிடித்தோமா இல்லையா என்று பார்க்கமாட்டாள். பிடிப்பது நம் பாடு. ஒரு பிறந்தநாள் விழாவில் யாரோ பச்சைப் பிள்ளையை அவள் கையில் கொடுத்தார்கள். கொஞ்சினாள், அடுத்த கதிரைக்காரியிடம் கொடுத்தாள். அவள் மற்றவளிடம் கொடுத்தாள். பிள்ளை மண்டபத்தைச் சுற்றி வந்து சேர்ந்தபோது தாய் சாப்பிட்டு முடித்துக் கைகழுவியிருந்தாள். யாராவது ஒரு பொருளைக் கையில் வைத்துக்கொண்டு யோசித்தால் அவளுக்குப் பொறுக்காது.

"வைச்சிருந்து என்ன பூசை செய்யப்போறியே? குடு!"

சுவிஸின் பேர்ண் நகரில் எங்கள் தமிழ் விளையாட்டுக் கழகத்தின் பெண்கள் கூடைப்பந்து அணிக்கு அவள்தான் பயிற்சியாளர். இருபத்திரண்டு வருடமாக அவள்தான். சின்னவர்கள் "கோச் அக்கா" என்பார்கள். அறுபது தாண்டிய, கட்டையான, கறுத்த பெண். நெற்றியில் சின்னதாய்ச் சந்தனப் பொட்டு. விளையாட்டுச் சப்பாத்து அவளிடம் கிடையாது. ஆஸ்பத்திரிக் குசினியில் போடுகிற வழுக்காத வெள்ளைச் சப்பாத்தோடுதான் மண்டபத்துக்குள்ளும் நிற்பாள். கழுத்தில் ஒரு கறுப்பு நாடா, அதில் மண்டபத்துக் கதவைப் பூட்டித் திறக்கிற திறப்பு. மற்றப் பயிற்சியாளர்கள் அந்த இடத்தில் விசில் மாட்டுவார்கள். அவளுக்கு விசில் தேவையில்லை. நாக்கை அண்ணத்தில் வைத்து "ட்ச்" என்பாள். அந்தச் சத்தத்துக்குப் பத்துப் பெண்கள் அப்படியே நிற்பார்கள். என் மனிசன் உயிரோடு இருந்த காலத்தில் நான் கத்திய கத்துக்கு அவர் ஒருதரம்கூட அப்படி நின்றதில்லை.

ஆஸ்பத்திரிக் குசினியில் அவள் வேலை ஒரு ஓடும் பட்டிக்குப் பக்கத்தில். நோயாளிகளின் தட்டுகள் பட்டியில் வரிசையாக ஓடிவரும். ஒருத்தி சூப் வைப்பாள், அடுத்தவள் பாண் வைப்பாள், அதற்கடுத்தவள் பழம். யாராவது ஒருத்தி கையில் வைத்துக்கொண்டு நின்றால் தட்டு ஓடிப்போய்விடும். மேல்மாடியில் ஒரு கிழவர் சூப் இல்லாமல் படுத்திருப்பார். பிரசாந்தினி அங்கே பாண் வைக்கிறவள். அவளை அணிக்குப் பிடித்துவந்ததும் அந்தப் பட்டியில் இருந்துதான். "உவளின்ரை கையைப் பாருங்கோ அக்கா. பாணைப் பாக்காமல் வைக்கிறாள்" என்று தில்லை என்னிடம் சொன்னாள். பிரசாந்தினிக்கு இப்போது நாற்பது தாண்டிவிட்டது. இரண்டு பிள்ளை பெற்ற உடம்பு. இன்னும் ஆடுகிறாள்.

என் மனிசன் செத்த வருடம்தான் தில்லை இதைத் தொடங்கினாள். "வீட்டிலை இருந்து சுவரைப் பாத்து என்ன செய்யப்போறியள்? வாங்கோ, தண்ணிப் போத்தலைப் பிடியுங்கோ" என்று என்னை இழுத்துக்கொண்டு போனாள். அன்றுமுதல் ஆட்டக்காரர் இருக்கிற நீள வாங்கின் கடைசியில் போத்தல் கூடையோடு இருப்பவள் நான். ஆகவே இதைக் கேள்விப்பட்டுச் சொல்லவில்லை.

நகரசபை வாரத்தில் இரண்டு பின்னேரம் ஒரு பள்ளிக்கூட மண்டபத்தைத் தந்தது. தில்லை யாழ்ப்பாணத்தில் பள்ளிக்கூட அணிக்கு வலைப்பந்து ஆடியவள். வலைப்பந்தில் பந்தை நிலத்தில் தட்டிக்கொண்டு ஓடமுடியாது. பிடித்தால் மூன்று விநாடிக்குள் இன்னொருத்திக்குக் கொடுத்துவிட வேண்டும். அவள் மண்டபத்துக்குள் போனாள், இரண்டு பக்கமும் வளையத்தைக் கண்டாள். வளையத்துக்குப் பின்னால் ஒரு பலகையும் இருந்தது.

"பந்து வெளியாலை ஓடாமல் பலகையும் அடிச்சு வைச்சிருக்கினம். நல்ல சனம்" என்றாள்.

அது கூடைப்பந்து என்ற வேறு விளையாட்டு என்று அவளுக்கு யாரும் சொல்லவில்லை. முதல் அணியில் நின்றவர்களும் குசினியிலும் சலவையிலும் வேலை செய்த, ஊரில் வலைப்பந்து மட்டும் கண்ட பெண்கள்தான். அவர்களுக்கும் தெரியாது. எனக்கு வலைப்பந்தும் தெரியாது.

நாலு மாதம் பழகியபின் ஒரு சுவிஸ் கழகம் ஆட்டத்துக்குக் கூப்பிட்டது. ஆட்டம் தொடங்கியதும் பொன்முடிக்காரி ஒருத்தி பந்தைத் தட்டிக்கொண்டு எங்கள் பெண்களைத் தாண்டி ஓடினாள். தில்லை மைதானத்துக்குள்ளேயே இறங்கிவிட்டாள்.

"அவள் நிலத்திலை தட்டிக்கொண்டு ஓடுறாள்! உனக்குக் கண் தெரியேல்லையே? ஊது!" என்று நடுவரைப் பார்த்துத் தமிழில் கத்தினாள்.

நடுவர் ஒரு தாடிக்காரப் பொடியன். ஓரளவு ஜெர்மன் தெரிந்த பிரசாந்தினி மொழிபெயர்த்துச் சொன்னாள். அவன் முழங்காலைப் பிடித்துக்கொண்டு சிரித்தான். பிறகு, இந்த விளையாட்டில் பந்தைத் தட்டலாம் என்று விளக்கினான். எங்கள் பெண்கள் வெட்கத்தில் நிலத்தைப் பார்த்தார்கள். தில்லை வெட்கப்படவில்லை. கொஞ்சம் யோசித்தாள்.

"கட்டாயமோ எண்டு கேள்" என்றாள் பிரசாந்தினியிடம்.

இல்லை, விரும்பினால் தட்டலாம் என்றான் நடுவர்.

"அப்ப சரி. எங்களுக்கு விருப்பமில்லை" என்று சொல்லிவிட்டு வாங்குக்குத் திரும்பி வந்தாள்.

அன்று ஐம்பது புள்ளிக்கு மேல் வித்தியாசத்தில் தோற்றோம். வேறு யாராவது என்றால் அடுத்த நாளே தட்டப் பழக்கியிருப்பார்கள். இவள் பழக்கவில்லை. "பந்தைத் தட்டுற நேரம் அவள் பந்தைப் பாக்கிறாள் அக்கா. பக்கத்திலை நிக்கிறவளைப் பாக்கிறாளில்லை" என்றாள். நான், பிடிவாதக்காரி, மூளை கழன்றவள், நாலு கிழமையில் அணி கலைந்துவிடும் என்று நினைத்தேன். வாய்விட்டும் சொன்னேன்.

அணி கலையவில்லை. இரண்டாம் வருடம் வெல்லத் தொடங்கினார்கள். பந்து ஒருத்தி கையில் இருந்து மற்றவள் கைக்குச் சூட்டுச் சட்டி மாதிரிப் போகும். சுவிஸ்காரிகள் பந்தை நோக்கி ஓடுவார்கள். ஓடிச் சேரும்போது பந்து அங்கே இருக்காது. பலகை இருப்பதையே எங்கள் பெண்கள் கவனிக்கமாட்டார்கள். வளையத்தின் நடுவுக்குள் நேரே விழும். வலை அசையும் சத்தம் மட்டும் கேட்கும். நான் பள்ளிக்கூட வாசல் மிதிக்காதவள். ஆனால் ஐந்து பேர் ஒரே நினைப்பில் இருப்பதை என் வாழ்க்கையில் அங்கேதான் கண்டேன். எத்தனையோ கலியாணத்துக்குப் போயிருக்கிறேன். மணவறையில் இருக்கும் இரண்டு பேரே ஒரே நினைப்பில் இருந்ததில்லை.

கோடை விடுமுறையில் மண்டபம் பூட்டியிருக்கும். அப்போது எங்கள் கட்டடத்துக்குப் பின்னால் உள்ள முற்றத்தில் பழகுவார்கள். மத்தியானம் சத்தம் போடக்கூடாத நேரம். ஒருநாள் கட்டடம் பார்க்கிற அப்வார்ட் கிழவர் முறைப்பாட்டு முகத்தோடு இறங்கி வந்தார். வந்து நின்றார். காதைக் கொடுத்தார். பந்து நிலத்தில் படவே இல்லை. பெண்களும் வாய் திறக்கவில்லை. அவருக்குச் சொல்ல ஒன்றும் கிடைக்கவில்லை. உள்ளே போய்க் கதிரை ஒன்றைத் தூக்கிக்கொண்டு வந்து இருந்து பார்த்தார். அதன் பிறகு ஒவ்வொரு கோடைக்கும் கதிரையோடு வருவார்.

தில்லை கலியாணம் கட்டவில்லை. எங்கள் சனம் சும்மா விடுமா? கேட்டுக்கொண்டே இருந்தார்கள். "ஆரும் எனக்குப் பந்து தரேல்லை. தந்திருந்தால் பிடிச்சிருப்பன்" என்பாள். சிரித்துக்கொண்டுதான் சொல்வாள்.

இரண்டு வருடத்துக்கு முன் சாருஜா வந்தாள். இங்கே பிறந்தவள், பெரிய சுவிஸ் கழகம் ஒன்றில் சின்ன வயதிலிருந்தே ஆடியவள். பந்து அவள் கையில் ஒட்டிப் பிறந்தது போல இருக்கும். இடக்கையால் தட்டுவாள், வலக்கையால் தட்டுவாள், ஓடுகிற ஓட்டத்தில் கால்களுக்கு இடையிலும் தட்டுவாள். முதல் நாளே இந்தக் கரையில் பந்தை எடுத்து, ஐந்து பேரையும் தாண்டிப்போய், அந்தக் கரையில் போட்டுவிட்டு வந்தாள். எல்லோரும் கைதட்டினார்கள். நானும்தான்.

தில்லை சொன்னாள்: "வடிவு. மற்ற நாலு பேரும் என்னத்துக்கு வந்தவை?"

அன்றுமுதல் சாருஜாவுக்கு என் பக்கத்து இடம் நிரந்தரமாகிவிட்டது. பந்தைத் தட்டினால் வெளியே வரவேண்டும் என்பது சட்டம். உள்ளே போவாள், தட்டுவாள், "ட்ச்" என்று கேட்கும், வந்து இருப்பாள்.

"ஆச்சி, நான் தண்ணி குடிக்கிறதுக்குத்தான் ட்ராம் ஏறி வாறன்" என்பாள்.

"குடி மோனை, நல்லது. சலம் வடிவாப் போகும்" என்பேன்.

முறைப்பாள். பிறகு சிரித்துவிடுவாள். ஆனால் அடுத்த கிழமையும் வருவாள். ஏன் வருகிறாள் என்று யோசித்ததுண்டு. அவள் வாங்கில் இருந்தபடி தில்லையின் கையையே பார்த்துக்கொண்டிருப்பாள்.

பொறுக்காதவர் அவளுடைய தகப்பன் விஜிதரன். எங்கள் கழகத்தின் தலைவர். காப்புறுதிக் கந்தோரில் வேலை. பாண் வாங்கப் போனாலும் கோட்டு. வருடாந்த விளையாட்டு விழாவில் அவர் பேச்சு முடிவதற்குள் ஓட்டப்பந்தயப் பிள்ளைகளுக்கு மீசை முளைத்துவிடும். ஒரு ஞாயிற்றுக்கிழமை தில்லையின் குசினிக்கு வந்தார். நான் அங்கே வெண்டிக்காய் நறுக்கிக்கொண்டிருந்தேன்.

"பிடியுங்கோ" என்று தில்லை தேநீரை நீட்டினாள்.

அவர் கோப்பையை வாங்கி, குடிக்காமல் கையில் வைத்துக்கொண்டே தொடங்கினார். "அக்கா, நீங்கள் செய்த சேவையை நாங்கள் ஒருநாளும் மறக்கமாட்டம்."

இப்படித் தொடங்கினால் கத்தி பின்னால் வருகிறது என்று அர்த்தம்.

"என்ன விசயம் எண்டு சொல்லுங்கோ தம்பி. தேத்தண்ணி ஆறுது" என்றாள்.

"காலம் மாறிப்போச்சு அக்கா. இப்ப ஆர் பந்து தட்டாமல் விளையாடுகினம்? அட்லிஸ்விலிலை சயன் எண்டு ஒரு பொடியன், பயிற்சியாளர் டிப்ளோம் எடுத்தவன், ரயில் ஏறி வர ஓம் எண்டிட்டான். என்ரை பிள்ளையை எல்லாரும் கேட்டுக் கூப்பிட்டவை. நீங்கள் வாங்கிலை இருத்தி வைச்சிருக்கிறியள்."

"பந்தைக் குடுத்தால் ஏன் தம்பி இருத்தப்போறாள்? உன்ரை பிள்ளை குடுக்கிறாளில்லையே" என்றேன் நான்.

"ஆச்சி, நீங்கள் வெண்டிக்காயைப் பாருங்கோ" என்றார். பார்த்தேன். காதை மூடவில்லை.

கழகத்துச் செயற்குழு முடிவெடுத்துவிட்டதாம். நொஷாட்டல் அணியோடு கிண்ணப் போட்டியின் அரையிறுதி வருகிறது. வென்றால் தில்லை தொடரலாம். தோற்றால் அன்றைக்கே மண்டபத்துத் திறப்பைக் கொடுத்துவிட வேண்டும். "மரியாதையாப் பொன்னாடை போர்த்தித்தான் அனுப்புவம்" என்றார்.

"பொன்னாடை எனக்கு என்னத்துக்கு? குசினிக்குப் போட்டுக்கொண்டு போகேலாது. எண்ணை தெறிக்கும்" என்றாள் தில்லை. பிறகு கழுத்து நாடாவைத் தொட்டுப் பார்த்தாள். "சரி. தோத்தால் குடுக்கிறன்."

அவர் போனபின் கோப்பையைக் கழுவினாள். அவர் ஒரு மிடறும் குடித்திருக்கவில்லை. கழுவி வைத்துவிட்டு அங்கேயே நின்றாள்.

"இந்த வருசத்தோடை ஆஸ்பத்திரியும் பென்சன் குடுத்து அனுப்பிடும் அக்கா. செவ்வாயும் வியாழனும் இல்லாட்டில் எனக்கு என்ன கிடக்கு?"

நான் வாய்க்காரி. அன்று நறுக்கிய வெண்டிக்காயை அவளிடம் நீட்டினேன். பிடித்தாள்.

மாசி மாதம், சனிக்கிழமை பின்னேரம், எங்கள் மண்டபத்தில் அந்த ஆட்டம். பார்வையாளர் வாங்கெல்லாம் எங்கள் சனம், றோல்ஸ் பெட்டிகளோடு. விஜிதரன் முன் வரிசையில். மடியில் ஒரு கடதாசிப் பை. பைக்குள் மஞ்சள் கரை தெரிந்தது. பொன்னாடையை மனிசன் கையோடு கொண்டுவந்திருந்தார்.

நொஷாட்டல்காரிகள் எங்களைப் படித்து வந்திருந்தார்கள். பந்தை நோக்கி ஒருத்தியும் ஓடவில்லை. ஆளுக்கு ஆள் ஒட்டிக்கொண்டு நின்றார்கள். நல்லாக எறிகிற யாதவிக்கு முன்னால் தென்னைமரம் மாதிரி ஒருத்தி. எங்கள் பெண்கள் பந்தைப் பிடித்தால் கொடுக்க ஆள் இல்லை. கொடுக்காமல் வைத்திருந்தால் ஐந்து விநாடியில் நடுவர் ஊதிவிடுவார். பாதி ஆட்டத்தில் பதினொரு புள்ளி பின்னால் நின்றோம். சூட்டுச் சட்டி எல்லோர் கையையும் சுட்டுக்கொண்டிருந்தது.

இடைவேளை முடிந்ததும் தில்லை சாருஜாவைப் பார்த்துத் தலையை அசைத்தாள். சாருஜா போத்தலை என்னிடம் தந்துவிட்டு உள்ளே போனாள்.

பந்து அவளிடம் வந்தது. முன்னால் ஒருத்தி கையை விரித்து மறித்து நின்றாள். மற்ற நால்வரும் பூட்டப்பட்டிருந்தார்கள். எல்லோருக்கும் தெரியும், சாருஜா இரண்டு தட்டுத் தட்டினால் அந்தப் பெண்ணைத் தாண்டிவிடுவாள். அவள் தட்டவில்லை. பந்தை நெஞ்சோடு பிடித்தபடி நின்றாள். நடுவர் ஊதினார். பந்து போனது. திரும்பவும் வந்தது. திரும்பவும் தட்டாமல் நின்றாள்.

"தட்டடி! தட்டு!" விஜிதரன் எழும்பி நின்று கத்தினார். மற்றவர்களும் சேர்ந்து கத்தினார்கள். அவள் தகப்பனின் பக்கம் திரும்பவே இல்லை. விசில் ஊதியது. பந்து போனது.

நேரம் கேட்டு ஆட்டத்தை நிறுத்துவது தில்லையின் பழக்கம் இல்லை. அன்று கேட்டாள். பெண்கள் மூச்சு வாங்கிக்கொண்டு வந்து சுற்றி நின்றார்கள். நான் போத்தல்களைக் கொடுத்தேன்.

"ரண்டு வரியமா வேண்டாம் எண்டுறன், தட்டினனீ. இண்டைக்கு ஏன் தட்டேல்லை?" தில்லை கேட்டாள்.

சாருஜா வியர்வையைத் தோளில் துடைத்தாள். "இண்டைக்குத் தட்டி வெண்டால் அப்பா வெண்டதாப் போயிடும். நான் சொன்னது சரி எண்டு சொல்லி உங்களிட்டைத் திறப்பை வாங்கிப்போடுவார். எனக்குத் தெரியும், கோச் அக்கா. பையைப் பாருங்கோ, சால்வையும் கொண்டுவந்திட்டார்."

"தட்டாட்டில் தோப்பம். தோத்தாலும் திறப்புப் போகுது."

"அப்ப உங்கடை விளையாட்டிலை தோப்பம்."

இப்படியொரு பதிலைத் தில்லை எதிர்பார்க்கவில்லை. முகம் என்னவோ ஆயிற்று. வேறு யாராவது என்றால் அந்த இடத்தில் அந்தப் பெண்ணைக் கட்டிப்பிடித்து அழுதிருப்பார்கள், ஆட்டமும் போயிருக்கும். எதிர்ப்பக்கம் முழுச் சனமும் அவளைப் பார்த்துக்கொண்டிருந்தது. இருபத்திரண்டு வருடமாக அவள் சொன்ன ஒரே சொல், தட்டாதே. அதை இப்போது மாற்றினால், கோட்டுக்காரர் சொன்னதுதான் சரி என்று அவளே ஊருக்குச் சொல்வதாகிவிடும்.

தில்லை குனிந்து வாங்குக்குக் கீழே கிடந்த பந்தை எடுத்தாள். எல்லோரும் பார்க்க அதை நிலத்தில் ஒரு தரம் தட்டினாள். அவள் பந்தைத் தட்டியதை அன்றுதான் முதல்முறையாகக் கண்டேன். பந்து எழும்பி அவள் கைக்கு வந்தது. ஏதோ புதுப் பொருள் போல அதைப் பார்த்தாள்.

"இஞ்சை பார் பிள்ளை. ஒருத்தரும் சும்மா நிக்கேல்லையெண்டால், நிலம் சும்மா நிக்குது. நிலத்திட்டைக் குடு. அது வைச்சிருக்காது, திருப்பித் தரும். தந்த உடனை பக்கத்திலை நிக்கிறவளைப் பார். விளங்கிச்சோ?"

சாருஜா அவளைப் பார்த்தாள். பல் தெரியச் சிரித்தாள்.

"ஓம்" என்றாள்.

என் உடம்பு சிலிர்த்தது. நான் சாமி ஆடுகிறவர்களைக் கண்டாலே சந்தேகப்படுகிறவள். திறப்புப் போகப்போகிறது என்று தெரிந்தும், தன் வாயால் தன் சட்டத்தை உடைத்து, அதே வாயால் அதை முன்னிலும் நன்றாகக் கட்டிவிட்டாள். அதற்கு அவளுக்கு ஒரு நிமிடம் போதுமாக இருந்தது.

பிறகு நடந்ததை நான் எப்படிச் சொல்வேன். சாருஜா நிலத்திடம் கொடுத்தாள், வாங்கினாள், முன்னால் நின்றவளைத் தாண்டினாள். அவளை மறிக்க இன்னொருத்தி வந்தாள். அந்த இன்னொருத்தி விட்டுவந்த பெண்ணின் கைக்குப் பந்து போய்விட்டது. யாதவி போட்டாள். பிரசாந்தினி போட்டாள். தென்னைமரத்துக்கு எந்தப் பக்கம் திரும்புவது என்று தெரியவில்லை. பதினொன்று ஐந்தானது, மூன்றானது, கடைசியில் ஒன்றானது. அப்வார்ட் கிழவர் கூடப் பார்வையாளர் வாங்கின் மேல் ஏறி நின்றார். ஞாயிற்றுக்கிழமை கதவைச் சத்தமாகச் சாத்தினால் ஏசுகிற மனிசன் அவர்.

கடைசிப் பந்து சாருஜாவிடம். இரண்டு பேரைத் தன்னிடம் இழுத்தாள். அவளே போட்டிருக்கலாம், போட்டிருப்பாள். பார்க்காமல் பக்கத்தில் கொடுத்தாள். பிரசாந்தினி தனியாக நின்றாள், பாண் வைக்கிற அதே கையால் எறிந்தாள். பந்து வளையத்தைச் சுற்றியது. இன்னொரு தரம் சுற்றியது. வெளியே விழுந்தது.

ஒரு புள்ளியில் தோற்றோம்.

பிரசாந்தினி நிலத்தில் குந்தியிருந்து முகத்தை மூடிக்கொண்டாள். "நான் விட்டிட்டன் அக்கா, நான் விட்டிட்டன்."

"நீ எங்கை விட்டனீ? நீ குடுத்தனீ. வளையம் வாங்கேல்லை. எழும்பு, நாளைக்குக் காலமை வேலை கிடக்கு" என்று தில்லை அவளைத் தூக்கி நிறுத்தினாள்.

விஜிதரன் வந்தார். கடதாசிப் பை கக்கத்தில். அவர் கெட்ட மனிதர் இல்லை. அவர் முகத்திலும் ஏதோ கலக்கம் இருந்தது. ஆனால் சொன்ன சொல்லைச் செயற்குழுவுக்கு முன் சொல்லிவிட்டாரே. தொண்டையைச் செருமினார்.

"அக்கா, குறை நினையாதேங்கோ. கதைச்சபடி..." என்று கையை நீட்டினார்.

றோல்ஸ் சாப்பிட்டவர்கள்கூட மெல்லுவதை நிறுத்தினார்கள். சாருஜா தகப்பனுக்குப் பின்னால், கொஞ்சம் தள்ளி, ஒற்றைச் சப்பாத்தைக் கழற்றியபடி நின்றாள்.

தில்லை நாடாவைத் தலைக்கு மேலாகக் கழற்றினாள். இருபத்திரண்டு வருடம் கிடந்த இடத்தில் கழுத்துத் தோல் வெளிறிப்போய் இருந்தது. திறப்பை உள்ளங்கையில் வைத்துக்கொண்டு அவருடைய கையைப் பார்த்தாள்.

"குடுக்கிறன் எண்டுதான் சொன்னனான் தம்பி. ஆரிட்டை எண்டு சொல்லேல்லை."

அவருடைய தோளுக்கு மேலால் எறிந்தாள்.

"பிடி!"

சாருஜா இரண்டு கையாலும் பிடித்தாள். திறப்பைப் பார்த்தாள். திரும்பிநின்ற தகப்பனைப் பார்த்தாள். அவர் வாயைத் திறந்தார். சொல்ல வந்தது வெளியே வருவதற்குள் திறப்பு அவருடைய தலைக்கு மேலால், நாடா வால்போல் பறக்க, திரும்பி வந்துகொண்டிருந்தது.

தில்லை அதை ஒரு கையால் பிடித்தாள்.

அடுத்து யாரிடம் எறியப்போகிறாள் என்று பெண்கள் எல்லோரும் கையைத் தயாராக வைத்துக்கொண்டு நின்றார்கள். நானும் போத்தலைக் கீழே வைத்தேன். ஒரு விநாடி போனது. இரண்டு போனது. மூன்றும் போனது. தில்லைநாயகி விரல்களை மடித்துத் திறப்பை இறுக்கிப் பிடித்துக்கொண்டாள்.